நாண்மீனும் நம் நினைவும்

கொழும்பிலே சைவ இளைஞர் சங்கம் எதுவாயினும், ஆண்டு நிகழ்ச்சி நிரல் வகுக்கும் கூட்டத்தில் ஒரு வழக்கு எழாமற் போவதில்லை. ஆனி மகம் இவ்வாண்டு வேலைநாளில் வருகிறது. அன்று கந்தோர் உண்டு, பள்ளிக்கூடம் உண்டு, பிள்ளைகளுக்கு ரியூசன் உண்டு. ஆதலால் மாணிக்கவாசகர் குருபூசையை அடுத்த ஞாயிறு வைத்துக்கொண்டால் என்ன என்று இளைஞர் ஒருவர் கேட்பார். "தம்பி, ஞாயிற்றுக்கிழமை விழா வைக்கலாம், குருபூசை வைக்க ஏலாது" என்று பெரியவர் ஒருவர் மறுப்பார். வெள்ளவத்தையிலும் இதே வழக்கு, கொட்டாஞ்சேனையிலும் இதே வழக்கு. இருவர் பக்கமும் நியாயம் உண்டு. ஆயினும் வழக்காடுவோர் இருவருமே, அந்த "ஆனி மகம்" என்னும் இரண்டு சொற்கள் எவ்வாறு ஆக்கப்பட்டன, அவற்றைக் கணித்தவர் யாவர், எத்துணைப் பிழையோடும் எத்துணைத் திறமையோடும் அவை நம் கைக்கு வந்து சேர்ந்தன என்பதைப் பெரும்பாலும் எண்ணிப் பார்ப்பதில்லை. அதனைச் சற்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

திருநாவுக்கரசர் சித்திரைச் சதயம். திருஞானசம்பந்தர் வைகாசி மூலம். மாணிக்கவாசகர் ஆனி மகம். சுந்தரர் ஆடிச் சுவாதி. சமய பாட வகுப்பிலே இவற்றை மனனம் பண்ணி ஒப்புவித்தவர்கள் நம்மிற் பலர். ஒப்புவித்த அந்நாளில் நாம் கவனியாத ஒன்று உண்டு. இவற்றில் மாதம் இருக்கிறது, நட்சத்திரம் இருக்கிறது, வருஷம் இல்லை. மாணிக்கவாசகர் எக்காலத்தவர் என்று கேட்டால், மூன்றாம் நூற்றாண்டினர் என்பார் மறைமலையடிகள். ஒன்பதாம் நூற்றாண்டினர் என்பார் வேறு அறிஞர். இடையிலே அறுநூறு ஆண்டு! அவர் இறைவனடி கலந்த நாள் ஆனி மகம் என்பதிலோ சைவ உலகில் வழக்கே இல்லை. அத்தினங்கள் அவரவர் காலத்திலேயே குறிக்கப்பட்டனவா, பின்வந்தோர் வகுத்தனவா என்பது வேறு ஆராய்ச்சி. நம் முன்னோர் எதனை நினைவில் வைக்கத் தக்கது என்று கருதினர், எதனை விட்டுவிட்டனர் என்பதே ஈண்டு நாம் காண வேண்டுவது.

நல்லைநகர் ஆறுமுக நாவலரை எடுத்துக்கொள்வோம். அவர் அச்சியந்திர காலத்தவர். அவர் சிவபதமடைந்தது 1879ஆம் ஆண்டு டிசெம்பர் 5ஆம் திகதி, வெள்ளிக்கிழமை. தமிழ்க் கணக்கிலே பிரமாதி வருஷம், கார்த்திகை மாதம், மக நட்சத்திரம். இங்கே வருஷமும் தெரியும், இங்கிலீஷ்த் திகதியும் தெரியும். அப்படியிருந்தும் ஈழத்துச் சைவ மக்கள் டிசெம்பர் 5ஐ விட்டுக் கார்த்திகை மகத்தையே அவருக்குரிய நாளாகப் போற்றி வருகின்றனர். பழக்கத்தின் வலிமை என்று இதனைத் தள்ளிவிடலாம். ஆனால் அந்தப் பழக்கத்தினுள்ளே ஒரு கணக்கு இருக்கிறது.

சந்திரன் ஒரு நட்சத்திரத்திலிருந்து புறப்பட்டு மீண்டும் அதே நட்சத்திரத்தை அடைய ஏறத்தாழ 27 நாளும் எட்டு மணியும் ஆகும். ஆகவே அதன் வழியை 27 பங்காக்கி, ஒவ்வொரு பங்குக்கும் அங்கு நிற்கும் மீனின் பெயரை இட்டனர். நாள்தோறும் ஒன்றாக வருவதால் அவை நாண்மீன் எனப்பட்டன. மாதமோ சூரியனுடையது. சூரியன் ஓர் இராசியில் நிற்கும் காலம் ஒரு மாதம். ஆகவே "ஆனி மகம்" என்றால் சூரியன் மிதுன இராசியில் நிற்க, சந்திரன் மக நட்சத்திரத்தை அடைந்த நாள் என்று பொருள். மணிக்கூட்டின் இரண்டு முட்களைப் போல, வானத்தின் இரண்டு விளக்குகளும் எங்கெங்கே நின்றன என்று அவ்விரண்டு சொற்களும் சொல்லிவிடுகின்றன. கடுதாசி வேண்டாம், அச்சு வேண்டாம், அரசாங்க வர்த்தமானி வேண்டாம். அரசு மாறினாலும் அந்த மணிக்கூடு நிற்பதில்லை.

மாதங்களின் பெயர்களும் மீன்களின் பெயர்களே. எந்த நட்சத்திரத்தின் அருகே பூரணை வருகிறதோ அதன் பெயர் அம்மாதத்துக்கு. சித்திரை நட்சத்திரத்திலே பூரணை வருவது சித்திரை. விசாகத்தில் வருவது வைகாசி. கார்த்திகையில் வருவது கார்த்திகை. பூசத்தில் வருவது தை. மகத்தில் வருவது மாசி. உத்தரத்தில் வருவது பங்குனி. நம்முடைய பெருவிழாக்கள் பலவும் வைகாசி விசாகம், திருக்கார்த்திகை, தைப்பூசம், மாசிமகம், பங்குனி உத்தரம் என்று அதே இரட்டைப் பெயரோடு விளங்குவதன் காரணம் இதுதான். இந்தக் கணக்கு நமக்கு மட்டும் உரியதென்று மார்தட்டவும் வேண்டாம். சிங்கள மக்களின் வெசாக் என்னும் பெயர் விசாகத்திலிருந்து வந்ததே. அவர்களுடைய எசல மாதமும் நம் ஆடியும் ஒரே வடசொல்லின் இரு வடிவங்கள். கதிர்காமத்திலே எசல விழா நடைபெறும் அதே பருவத்திற் கொழும்பு செட்டியார் தெருவிலிருந்து ஆடிவேல் இரதம் புறப்படுவது தற்செயலன்று. சித்திரைப் புத்தாண்டும் இரு சாராருக்கும் சூரியன் மேடத்தில் நுழையும் ஒரே சங்கிரமணத்தைக் கொண்டே கணிக்கப்படுகிறது. இவ்வளவு நெருங்கிய கணக்கை வைத்துக்கொண்டு இத்தனை தூரம் விலகி வாழ்ந்தோமே என்று சில வேளை எண்ணத் தோன்றும்.

வீட்டு நினைவுகளிலும் வானம் நுழைந்திருக்கிறது. நம் குடும்பங்களிலே பிறந்தநாள் நட்சத்திரத்தால் அறியப்படும். இறந்தநாள் திதியால் அறியப்படும். திவசம் செய்பவர் தந்தையார் காலமான மாதம், பக்கம், திதி ஆகிய மூன்றையும் அறிந்திருக்க வேண்டும். யாழ்ப்பாணத்தார் இதற்கென ஓர் இலக்கியமே வளர்த்துள்ளனர். அந்தியேட்டியன்று வெளியிடும் கல்வெட்டுப் புத்தகங்களைப் பாருங்கள். முதற் பக்கங்களிலே திதி வெண்பா ஒன்று இருக்கும். வருஷத்தின் பெயர், மாதம், பூர்வபக்கமா அபரபக்கமா, என்ன திதி, இன்னார் சிவபதம் எய்திய நாள் இது என்று நான்கே அடியில் அடக்கிப் பாடியிருப்பர். அதை யாத்தவர் பெரும் புலவராயிருக்க வேண்டியதில்லை. ஊர்ப் பள்ளிக்கூட வாத்தியாராயிருக்கலாம். தளை தட்டினாலும் திதி தட்டலாகாது. எத்தனையோ வீடுகளில் பெட்டகமும் உறுதியும் போரிலே எரிந்தன. இடம்பெயர்ந்து கொழும்புக்கும், அப்பால் கனடாவுக்கும் இலண்டனுக்கும் போனவர்கள் பாட்டனாரின் திதியை வாய்ப்பாடமாகவே கொண்டு சென்றனர். வெண்பா என்னும் யாப்பு நினைவிலே நிற்பதற்கு ஏற்றது என்பதைக் கண்டே நம்மவர் பஞ்சாங்கத்தை அதற்குள் வைத்தனர் போலும்.

இது புதிய வழக்கமும் அன்று. புறநானூற்றின் 229ஆம் பாட்டைப் படித்தவர் அறிவர். பங்குனி மாதத்து இரவொன்றில் விண்மீன் ஒன்று எரிந்து விழக் கண்டார் கூடலூர் கிழார். அவ்வேளையில் வானின் உச்சியிலே எந்த மீன் நின்றது, எது எழுந்தது, எது சாய்ந்தது என்று ஒவ்வொன்றாகக் குறித்தார். தம் அரசனாகிய சேரமான் மாந்தரஞ்சேரல் இரும்பொறைக்குத் தீங்கு வாராதிருக்க வேண்டுமே என்று கலங்கினார். ஏழாம் நாள் அவன் இறந்தான். எரிமீனுக்கும் அரசன் சாவுக்கும் தொடர்பு இல்லையென்று இன்று நாம் அறிவோம். ஆனால் தம் நண்பன் இறந்த துயரத்தைச் சொல்ல வந்த புலவர் ஒரு வானப்படத்தையே வரைந்து வைத்தார் என்பது பொய்யாகுமா? பிற்காலத்தில் இந்த வழியைத் திருப்பிப் பிடித்தவர் எல். டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை. கல்வெட்டுக்களிலும் காப்பியங்களிலும் வரும் திதி, வாரம், நட்சத்திரம் ஆகியவற்றைக் கணிதத்தாற் சோதித்து ஆண்டு கண்டார். 1922இல் வெளிவந்த அவருடைய இந்திய நாட்கணிதப் பெருநூல் சாசன ஆராய்ச்சியாளருக்கு நெடுங்காலம் கைவிளக்காயிற்று. சிலப்பதிகார நிகழ்ச்சி கி. பி. 756இல் நிகழ்ந்தது என்ற அவர் முடிவை அறிஞர் பலர் ஏற்றிலர். அது வேறு கதை.

இனி, இக்கணக்கைச் செய்தவர்களைப் பார்ப்போம். என் மனத்தை மிகவும் கவர்ந்த பகுதி இதுவே.

சந்திரன் நாள்தோறும் ஒரே வேகத்திற் செல்வதில்லை. சில நாள் விரையும், சில நாள் தளரும். விரைவும் தளர்வும் ஒரு சுற்று முடிய இருபத்தேழரை நாளுக்குச் சற்று மேல் ஆகும். இத்தகைய ஒன்பது சுற்று முடிந்தால் சரியாக 248 நாள். ஆகவே 248 நாளுக்கும் சந்திரன் நிற்கும் இடத்தைக் கணித்துவைத்தால் மீண்டும் மீண்டும் அதையே பயன்படுத்தலாம். நம் முன்னோர் அந்த 248 எண்களையும் எண்களாக எழுதி வைக்கவில்லை. ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் எண் என்று கொண்டு, 248 சிறு வாக்கியங்களாக அமைத்து மனனம் பண்ணினர். வரருசியின் பெயரால் வழங்கும் வாக்கியங்கள் இவை. வாக்கிய பஞ்சாங்கம் என்ற பெயரின் காரணம் பலருக்குத் தெரியாது. அது இவ்வாக்கியங்களால் வந்த பெயர்.

பிரெஞ்சு வானநூலார் லெ ஜாந்தி என்பவர் சுக்கிரன் சூரியனைக் கடப்பதைக் காணக் கிழக்கு நாட்டுக்கு வந்தவர். 1761இல் கப்பலிலே அகப்பட்டுக்கொண்டார். எட்டாண்டு காத்திருந்து 1769இல் புதுச்சேரியிலே தொலைநோக்கியை நாட்டினார். அன்று காலை முகில் மறைத்துவிட்டது. பாவம்! ஆயினும் அவர் காத்திருந்த காலம் வீண்போகவில்லை. புதுச்சேரித் தமிழர் கிரகணம் கணிக்கும் முறையைக் கண்டு வியந்து எழுதிவைத்தார். 1765ஆம் ஆண்டு ஓகஸ்ட் 30இல் நிகழ்ந்த சந்திர கிரகணத்தைத் தமிழர் ஒருவர் முக்கால் மணி நேரத்திற் கணித்துக் காட்டினாராம். கிரகணம் நீடித்த காலத்தில் தமிழர் கணக்கு 41 விநாடி குறைந்தது. ஐரோப்பாவிலே அந்நாளிற் சிறந்ததெனப் போற்றப்பட்ட மேயரின் கணக்கோ 1 நிமிடம் 8 விநாடி கூடிற்று.

இந்தச் செய்தியை மேடையிலே சொன்னால் கைதட்டு விழும். ஆனால் நம் பேச்சாளர்கள் இதனோடு நிறுத்திவிடுகிறார்கள். அறுபது ஆண்டு கழித்து நிகழ்ந்ததையும் சேர்த்துச் சொல்லவேண்டும். 1825இல் காலசங்கலிதம் என்னும் நூலை வெளியிட்ட ஜோன் வாறன் என்பவரும் புதுச்சேரியிலே பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைச் சந்தித்தார். அக்கணிதர் நிலத்திலே சோகிகளைப் பரப்பி, மனத்திலுள்ள வாக்கியங்களைச் சொல்லிச் சொல்லிச் சோகிகளை நகர்த்தி, அவ்வாண்டு மே மாத இறுதியில் நிகழவிருந்த சந்திர கிரகணத்தைக் கணித்தார். ஒரு வரி எழுதவில்லை. தாம் செய்வதன் தத்துவம் அவருக்குத் தெரியாது. ஞாபகசக்தி மாத்திரம் அபாரம் என்கிறார் வாறன். தொடக்கத்தில் 4 நிமிடமும், நடுவில் 23 நிமிடமும், முடிவில் 52 நிமிடமும் கணக்குப் பிசகிற்று. ஒற்றோ நொய்கெபவர் என்ற கணித வரலாற்றறிஞர் 1952இல் தமிழர் வானநூல் பற்றி எழுதிய கட்டுரையில் இந்தச் சோகிக் கணக்கை எடுத்து ஆராய்ந்து, 248 நாட் கணக்கு பழைய பாபிலோனிய வானக் கணக்கோடு உறவுடையது என்று காட்டினார். இரண்டாயிரம் ஆண்டுப் பழைய கணக்கு ஒன்று, ஏட்டிலும் இல்லாமல், புதுச்சேரித் திண்ணையிலே ஒருவர் நாவில் உயிரோடு இருந்தது. அந்த உயிருக்குக் கண் மட்டும் இல்லை; வானத்தைப் பார்த்துத் திருத்துவார் அருகிவிட்டனர்.

யாழ்ப்பாணத்தில் இதன் விளைவு வேறுவிதமாக வெளிப்பட்டது. அராலி விசுவநாத சாஸ்திரியார் பஞ்சாங்கக் கணிதத்திற் பெரும் பெயர் பெற்றவர். 1829 மார்ச் 20இல் நிகழவிருந்த சந்திர கிரகணத்தை அவர் பஞ்சாங்கத்திற் குறித்தார். வட்டுக்கோட்டைச் செமினரியின் தலைவராயிருந்த அமெரிக்க மிஷனரி டானியேல் பூர் ஐரோப்பிய முறையாற் கணித்து, தொடங்கும் நேரமும் மறையும் அளவும் வேறு என்று முன்கூட்டியே அறிவித்தார். ஊரே அன்றிரவு வானத்தைப் பார்த்து நின்றது. பூர் துரையின் கணக்கே சரியாயிற்று. கணக்குத் தோற்றால் சமயமும் தோற்றது என்று காட்டுவதே மிஷனரிமாரின் எண்ணம். அது நியாயமான வாதமன்று. பஞ்சாங்கப் பிழையால் திருவாசகம் பொய்யாகிவிடாது. ஆனால் சாஸ்திரியார் கணக்கு பிழைத்தது என்பதை மறைப்பதும் நியாயமன்று. நாவலர் பிறந்தது 1822இல். ஆறு வயதுப் பிள்ளையாக நல்லூரில் இருந்த காலத்தில் நடந்த சம்பவம் இது. மிஷனரிமாரின் கல்வியையே கற்று அவர்களுக்கு விடைகூற வேண்டும் என்ற எண்ணம் ஒரு தலைமுறைக்கு எவ்வாறு உண்டாயிற்று என்பதை அறிய விரும்புவோர் அந்தக் கிரகண இரவையும் நினைவிற் கொள்வாராக.

தமிழ்நாட்டிலே இதற்குச் சரியான விடை கூறியவர் சிந்தாமணி இரகுநாதாசாரியார். சென்னை வானாராய்ச்சி நிலையத்தில் வேலை பார்த்தவர். 1867இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தவர். 1872இல் இலண்டன் வேத்தியல் வானவியற் சங்கத்தில் அங்கத்துவம் பெற்றவர். அவர் தொலைநோக்கியிற் கண்டதைக் கொண்டு பஞ்சாங்கத்தைத் திருத்தித் திருக்கணித பஞ்சாங்கம் வெளியிட்டார். "திருக்" என்பது கண்ணாற் காண்பதைக் குறிக்கும் வடசொல். சமயத்தையும் விடவில்லை, கண்ணையும் மூடவில்லை.

ஆயினும் வழக்கு இன்றும் தீரவில்லை. கொக்குவில் இரகுநாதையர் வாக்கிய பஞ்சாங்கமும் திருக்கணித பஞ்சாங்கமும் நம் கடைகளில் அருகருகே தொங்குகின்றன. புத்தாண்டு பிறக்கும் நேரம் இரண்டிலும் வேறு. மருத்துநீர் வைக்கும் புண்ணியகாலமும் வேறு. சனிப்பெயர்ச்சியிலோ வேறுபாடு வேடிக்கையாகவே போய்விட்டது. திருக்கணிதப்படி சனி கும்பத்துக்குப் போனது 2023 ஜனவரி 17இல். வாக்கியப்படி 2023 டிசெம்பர் 20இல். பதினொரு மாதம்! வானத்திலே சனி ஒன்றுதான். கோயில் மரபை மதித்து வாக்கியத்தைக் கொள்வோரை நான் குறைகூற மாட்டேன்; விழா என்பது ஊர் கூடி எடுப்பது, ஊர் எந்நாளிற் கூடுகிறதோ அதுவே நாள். ஆனால் வாக்கியத்தை ஆக்கிய முன்னோர் தம் காலத்து வானத்தைப் பார்த்தே ஆக்கினர் என்பதை மறந்து, பாராமலிருப்பதே மரபு என்று சொல்வதை ஏற்க மனம் வரவில்லை.

இன்னுமொரு பிசகு இரண்டு பஞ்சாங்கத்துக்கும் பொது. சித்திரைப் பிறப்பைப் பஞ்சாங்கங்கள் விஷு புண்ணியகாலம் என்கின்றன. விஷு என்றால் இரவும் பகலும் சமமான நாள். அந்நாள் மார்ச் 20 அல்லது 21இல் வருகிறது. நம் புத்தாண்டோ ஏப்ரில் 14இல் வருகிறது. தை பிறந்தால் உத்தராயணம் என்கிறோம். சூரியன் வடக்கே திரும்புவது டிசெம்பர் 21, 22இல். காரணம் அயன சலனம். பூமியின் அச்சு பம்பரத்தின் தலைபோல மெல்லச் சுழலுவதால், விண்மீன்களைக் கொண்டு எண்ணும் ஆண்டு பருவங்களைக் கொண்டு எண்ணும் ஆண்டைவிடச் சற்று நீளம். ஆரியபட்டரின் வழியில் வரும் ஆண்டளவு 365 நாள் 6 மணி 12½ நிமிடம். அதன்படி ஏறத்தாழ 60 ஆண்டுக்கு ஒரு நாள், அதாவது பிரபவ முதல் அட்சய வரை ஒரு வட்டத்துக்கு ஒரு நாள், நம் ஆண்டுப்பிறப்பு பருவத்தைவிட்டுப் பின்தள்ளிப் போகிறது. இதனை நம் காலத்திலேயே காண ஒரு சான்று உண்டு. சுவாமி விவேகானந்தர் 1863 ஜனவரி 12இல் மகர சங்கராந்தியன்று பிறந்தார் என்று அவர் சரித்திரம் கூறும். இன்றோ மகர சங்கராந்தி ஜனவரி 14 அல்லது 15. நூற்றறுபது ஆண்டுக்குள் இரண்டு மூன்று நாள் விலகிவிட்டது. "விஷு" என்ற பெயர் மட்டும் அங்கேயே நிற்கிறது. ஏறத்தாழ ஆயிரத்தைந்நூறு ஆண்டுக்கு முன் அப்பெயர் உண்மையாயிருந்தது. உமியிருக்க அரிசி போன கதை.

இதையெல்லாம் கண்டு, புதிய கணக்கே ஆக்கிவிட முயன்றவர்களும் உண்டு. இந்திய அரசு 1952இல் பேராசிரியர் மேகநாத சாகா தலைமையில் ஒரு குழுவை அமைத்தது. 1955இல் அறிக்கை வந்தது. 1957 மார்ச் 22 முதல், சக ஆண்டு 1879 சைத்திரம் 1 என்று, தேசிய நாட்காட்டி நடைமுறைக்கு வந்தது. ஆண்டு சமராத்திரியை அடுத்துத் தொடங்கும், மாதங்களுக்கு நிலையான நாட்கணக்கு, கணிதத்திற் குற்றமில்லை. சாகா அதனைக் காண 1956க்கு அப்பால் உயிரோடிருக்கவில்லை. இந்திய அரசின் வர்த்தமானியிலே அது விளங்குகிறது. வீட்டிலே பிள்ளைக்குப் பெயர் வைப்பவர் அதனைப் புரட்டிப் பார்ப்பதாகத் தெரியவில்லை. விண்மீன்களை விட்டு விலகியும் சைத்திரம், வைசாகம் என்று விண்மீன் பெயர்களை மட்டும் விடமுடியவில்லை என்பதையும் கவனிக்க. தமிழ்நாட்டிலோ, அறுபது வருஷப் பெயர்கள் சுழன்று சுழன்று வருவதால் வரலாறு தெளிவுபடவில்லை என்று கண்டு, மறைமலையடிகள் முதலிய அறிஞரின் கருத்தைத் தழுவி, கிறிஸ்து ஆண்டோடு 31 கூட்டும் திருவள்ளுவர் ஆண்டு வழக்கிற்கு வந்தது. 2008இல் தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று சட்டம் செய்தனர். 2011இல் அச்சட்டத்தை நீக்கினர். அறுபது வருஷம் பற்றிய குறை நியாயமானது. திருவள்ளுவர் ஆண்டு தொடர்ச்சியான எண். சரித்திரம் எழுத உதவும். ஆனால் புத்தாண்டைச் சட்டத்தால் நகர்த்துவது எளிதன்று என்பதை மூன்றாண்டிலேயே கண்டோம்.

தொலைவுக்கு ஏன் போகவேண்டும்? இந்தக் கொழும்பிலேயே ஒரு புதிய கணக்கை ஐந்தரை ஆண்டு வாழ்ந்து பார்த்தோம். 1966 ஜனவரி முதலாந் திகதி தொடக்கம் சனி, ஞாயிறு விடுமுறை எடுபட்டது. அமாவாசை, பூரணை, இரண்டு அட்டமி ஆகிய நான்கு போயா தினங்களும் அவற்றுக்கு முந்திய நாட்களும் விடுமுறையாயின. சந்திரமாதம் இருபத்தொன்பதரை நாள்; அதனை நாலாற் பிரித்தால் ஏழு நாள் நிறைந்து மிச்சமும் வரும். ஆகவே சில கிழமை ஏழு நாள், சில கிழமை எட்டு நாள் என்றாயிற்று. கிறிஸ்தவர் ஞாயிறு பூசைக்கு வேலைநாளிற் போகவேண்டியிருந்தது. துறைமுகமும் வங்கியும் உலகத்தின் கிழமையோடு ஒட்டாமல் இடர்ப்பட்டன. 1971 ஜூலை முதலாந் திகதி பழைய ஞாயிறு திரும்பி வந்தது. பூரணை விடுமுறை மாத்திரம் நிலைத்தது. பிரெஞ்சுப் புரட்சியாளர் பத்து நாட் கிழமை வகுத்துப் பன்னிரண்டாண்டு பட்ட பாட்டை நாம் அதிற் பாதிக்கும் குறைந்த காலத்திற் பட்டு முடித்தோம் என்க.

கூட்டத்திலே "ஞாயிறு வைப்போம்" என்ற இளைஞர் இதனைக் கேட்கவேண்டும். அந்த ஐந்தரை ஆண்டும் ஞாயிற்றுக்கிழமை வேலைநாள். ஞாயிற்றை நம்பி விழா நாட்களை மாற்றியிருந்தால், அடுத்து அட்டமிக்கு மாற்றி, 1971இல் மீண்டும் ஞாயிற்றுக்கு மாற்றியிருக்க வேண்டும். கார்த்திகை மகமோ அந்த ஐந்தரை ஆண்டும் கார்த்திகை மகமாகவே இருந்தது. பெரியவரும் ஒன்றைக் கேட்கவேண்டும். வைகறையிலே கோயிலில் அபிடேகம் அந்நாளில் நடக்கட்டும். பிள்ளைகளின் பேச்சுப் போட்டியும் பண்ணிசையும் ஞாயிறு நடந்தால் குருவுக்குக் குறைவில்லை. இராமகிருஷ்ண மிஷனார் விவேகானந்த ஜயந்தியைத் திதிப்படி பூசையாக நடத்துகின்றனர். இந்திய அரசு ஜனவரி 12ஐ 1985 முதல் தேசிய இளைஞர் தினமாகக் கொண்டாடுகிறது. 1897 ஜனவரி 15இல் கொழும்பிலே கரையிறங்கிய அம்மகானுக்கு இரண்டு பிறந்தநாள் இருப்பதால், அவர் பெயரால் 1902 முதல் விளங்கும் கொட்டாஞ்சேனை விவேகானந்த சபைக்கு ஒரு நட்டமும் இல்லை.

எனக்குள்ள மனத்தாங்கல் வேறு. அழைப்பிதழிலே "கார்த்திகை மகம்" என்று அச்சிடுகிறோம். மகம் எது என்று கேட்டால் சுட்டிக்காட்டப் பிள்ளைக்கும் தெரியவில்லை, தந்தைக்கும் தெரியவில்லை. வாறன் கண்ட சோகிக்காரர் நிலையிலேயே நாமும் நிற்கிறோம்; அவருக்கிருந்த ஞாபகசக்தியும் நமக்கில்லை. ஆகவே ஒரு சிறு யோசனை. இவ்வாண்டு நாவலர் குருபூசையன்று பேச்சுக்கள் முடிந்தபின் மாணவர்களை வீட்டுக்கு அனுப்பிவிடாமல், நித்திரை விழிக்கக் கூடியவர்களை ஒரு மாடிவீட்டின் மேற்றளத்துக்கு அழைத்துச் செல்க. கொட்டாஞ்சேனையானாலும் வெள்ளவத்தையானாலும் காலி வீதி வெளிச்சம் படாத மூலை ஒன்று அகப்படும். நடுநிசி அணுகும் வேளையிலே, மழை முகில் இல்லாதிருந்தால், கீழ்வானத்திற் பாதியளவாகத் தேய்ந்த சந்திரன் எழும். அதன் பக்கத்தில், மேலோ கீழோ சற்றுத் தள்ளி, நீலம் பாரித்த வெண்ணிற மீன் ஒன்று தனியே நிற்கும். ஆங்கிலேயர் அதனை ரெகுலஸ் என்பர். 1879இல் நாவலர் கண்மூடிய அவ்விரவும் சந்திரன் அந்த மீனின் பக்கத்திலேதான் நின்றது.